அந்த வாக்குத்தத்த அட்டையை என்ன செய்வது?

சகோதரி, உங்கள் கேள்வியை இரண்டு நாள் மனதில் வைத்திருந்துதான் பதில் எழுத உட்கார்ந்தேன். வேறு யாராவது இதைப் படித்தால் அவர்களுக்கும் விளங்க வேண்டும். அதனால் நீங்கள் கேட்டதை முதலில் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன்.

உங்கள் தம்பிக்கு வயது 19. இரத்தப் புற்றுநோய். பதினோரு மாதம் சபையே உபவாசமிருந்து ஜெபித்தது. புது வருஷ ஆராதனையில் அவன் தன் கையால் எடுத்த வாக்குத்தத்த அட்டையில், "நீடித்த நாட்களால் அவனைத் திருப்தியாக்கி, என் இரட்சிப்பை அவனுக்குக் காண்பிப்பேன்" என்று 91-ம் சங்கீதத்தின் கடைசி வசனம் இருந்தது. ஆகஸ்ட்டில் அவன் போய்விட்டான். அடக்கம் முடிந்த வாரமே வீட்டுக்கு வந்த ஒருவர், குடும்பத்தில் அறிக்கையிடாத பாவம் ஏதோ இருக்கிறது என்றார். இன்னொருவர், உங்களுக்கு விசுவாசம் போதவில்லை என்றார். அன்றிலிருந்து அம்மா கோயிலுக்கு வருவதில்லை. அவர்கள் சொன்னது சரியா, தேவன் நல்லவரும் வல்லவருமாக இருந்தால் இது ஏன் நடந்தது, அந்த அட்டையை என்ன செய்வது என்று கேட்டிருக்கிறீர்கள்.

முதல் கேள்விக்கு உடனே பதில் சொல்ல முடியும். அவர்கள் சொன்னது தவறு. அனுபவக் குறைவால் ஏதோ வாய்தவறிச் சொன்னது என்று விட்டுவிடக்கூடிய தவறும் இல்லை. இயேசுவே வாய்திறந்து மறுத்த தவறு.

சீலோவாமில் ஒரு கோபுரம் இடிந்து விழுந்து 18 பேர் செத்தார்கள். எருசலேமில் இருந்த மற்ற எல்லாரையும்விட அவர்கள் குற்றவாளிகளா என்று இயேசுவே கேட்டு, "அப்படியல்ல" என்று அவரே பதிலும் சொல்கிறார் (லூக்கா 13). அதோடு நிறுத்தவில்லை, நீங்கள் மனந்திரும்புங்கள் என்று, செத்தவர்களை எடைபோட்டுக்கொண்டிருந்தவர்கள் பக்கம் பேச்சைத் திருப்புகிறார். துக்க வீட்டில் உட்கார்ந்து பாவக்கணக்குப் பார்க்கிறவர்கள் அந்த அதிகாரத்தை முழுதாக வாசிக்க வேண்டும். பிறவிக் குருடனைக் கண்டபோது, "இவன் செய்த பாவமோ, இவனைப் பெற்றவர்கள் செய்த பாவமோ" என்று சீஷர்கள் கேட்டார்கள். இரண்டும் இல்லை என்றார் (யோவான் 9).

அதே வசனத்தில், "தேவனுடைய கிரியைகள் இவனிடத்தில் வெளிப்படும்பொருட்டு இப்படிப் பிறந்தான்" என்றும் வருகிறதே, அப்படியானால் தம் மகிமையைக் காட்டுவதற்காகத் தேவனே ஒரு குழந்தையைக் குருடாக்கினாரா என்று நீங்கள் கேட்கலாம். மூல கிரேக்கக் கைப்பிரதிகளில் நிறுத்தக்குறிகள் கிடையாது. "இப்படிப் பிறந்தான்" என்ற சொற்களும் அந்த இடத்தில் மூலத்தில் இல்லை. மொழிபெயர்ப்பாளர்கள் பொருள் நிரம்புவதற்காகச் சேர்த்தவை. "இவன் பாவமுமல்ல, பெற்றவர்கள் பாவமுமல்ல" என்பதோடு வாக்கியத்தை நிறுத்தி, "தேவனுடைய கிரியைகள் இவனிடத்தில் வெளிப்படும்படி, பகற்காலம் இருக்குமட்டும் நான் வேலை செய்ய வேண்டும்" என்று அடுத்த வசனத்தோடு சேர்த்து வாசிக்கிற அறிஞர்களும் உண்டு. எனக்கு அந்த வாசிப்புதான் சரியென்று படுகிறது. சீஷர்கள் காரணம் தேடுகிறார்கள். இயேசு குனிந்து மண்ணைச் சேறாக்கி அவன் கண்ணில் பூசுகிறார்.

விசுவாசம் போதவில்லை என்ற பேச்சுக்கு வருகிறேன். பவுலுடைய கைக்குட்டை பட்டே வியாதியஸ்தர் சுகமானார்கள் என்று அப்போஸ்தலர் நடபடிகள் சொல்கிறது. அதே பவுல்தான் தன் கடைசி நிருபத்தில், துரோப்பீமுவை மிலேத்துவில் வியாதிப்பட்டவனாக விட்டுவந்தேன் என்று எழுதுகிறார். தீமோத்தேயுவுக்கு அடிக்கடி வரும் வயிற்றுக் கோளாறுக்குக் கொஞ்சம் திராட்சரசம் சாப்பிடச் சொல்கிறார். தன் மாம்சத்தில் இருந்த முள் நீங்கும்படி மூன்றுதரம் மன்றாடினார், அது நீங்கவில்லை. அப்போஸ்தலர் 12-ம் அதிகாரம் இன்னும் கடினமானது. ஏரோது யாக்கோபைப் பட்டயத்தால் வெட்டுகிறான். பேதுருவைச் சிறையில் போடுகிறான். ஒரு தேவதூதன் வந்து கதவைத் திறந்து அவனை வெளியே கூட்டிக்கொண்டு போகிறான். இரண்டும் ஒரே அதிகாரத்தில், ஒரே ஊரில், ஒரே சபையில் நடக்கின்றன. யாக்கோபின் தாய் அந்த வாரம் எப்படித் தூங்கியிருப்பாள் என்று லூக்கா எழுதவில்லை. யாக்கோபுக்கு விசுவாசம் குறைவு என்றும் அவர் எழுதவில்லை.

நம் சபைகளில் சாட்சி சொல்கிற பழக்கத்தை நான் மதிக்கிறேன். ஆனால் அதில் ஒரு ஆபத்து இருக்கிறது. 2004 டிசம்பர் 26-ம் தேதி சுனாமி வந்தபோது நாகப்பட்டினம் மாவட்டத்தில் மட்டும் 6,000 பேருக்கு மேல் இறந்தார்கள். கிறிஸ்துமஸுக்கு மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. வேளாங்கண்ணிக்கு வந்திருந்த யாத்ரீகர்களில் நூற்றுக்கணக்கானவர்களை அலை கடற்கரையிலேயே கொண்டுபோனது. அதன்பிறகு பல மேடைகளில், அந்த நேரம் நாங்கள் பூசையில் இருந்ததால் தேவன் எங்களைக் காப்பாற்றினார் என்று சொல்லக் கேட்டேன். சொன்னவர்களின் நன்றி உண்மையானது. ஆனால் கூட்டத்தின் கடைசி வரிசையில் பிள்ளையைக் கடலுக்குக் கொடுத்த ஒரு தகப்பன் உட்கார்ந்திருந்தால் அந்தச் சாட்சி அவன் காதில் எப்படி விழும்? "என் பிள்ளையைக் காப்பாற்ற அவருக்கு மனமில்லை" என்றுதான் விழும்.

உங்கள் வீட்டுக்கு வந்த அந்த இருவரும் புதிதாக எதுவும் சொல்லிவிடவில்லை. யோபுவின் சிநேகிதர்கள் சொன்னதைத்தான் சொன்னார்கள். யோபுவின் புத்தகத்தில் நம்மில் பெரும்பாலோருக்குத் தெரிந்தது, "கர்த்தர் கொடுத்தார், கர்த்தர் எடுத்தார், கர்த்தருடைய நாமத்துக்கு ஸ்தோத்திரம்" என்ற ஒரே வசனம். இரங்கல் அட்டைகளில் அச்சடிப்பதும் கல்லறையில் வெட்டுவதும் அதைத்தான். அது முதல் அதிகாரம். மூன்றாம் அதிகாரத்தில் அதே யோபு தன் பிறந்தநாளைச் சபிக்கிறார். அங்கிருந்து முப்பது அதிகாரங்களுக்கு மேல் வாக்குவாதம். என்னோடு வழக்காட வாரும், நான் செய்த குற்றத்தைச் சொல்லும் என்று தேவனையே அழைக்கிறார். எலிப்பாசும் பில்தாதும் சோப்பாரும் தேவனுக்காக வக்காலத்து வாங்குகிறார்கள். தேவன் நீதியுள்ளவர், நீதிமான் கஷ்டப்படமாட்டான், நீ கஷ்டப்படுகிறாய், ஆகவே நீ எதையோ மறைக்கிறாய் என்கிறார்கள். "நீங்கள் எல்லாரும் அலட்டுண்டாக்குகிற தேற்றரவாளர்" என்கிறார் யோபு.

கடைசியில் கர்த்தர் பேசுகிறார். "நான் பூமியை அஸ்திபாரப்படுத்துகிறபோது நீ எங்கேயிருந்தாய்?" என்று கேட்கிறார். வரையாடு ஈனுகிற காலத்தையும், காட்டுக்கழுதையையும், லிவியாதானையும் காட்டுகிறார். பரலோகத்தில் சாத்தானோடு நடந்த உரையாடலை மட்டும் யோபுவுக்குச் சொல்லவே இல்லை. வாசிக்கிற நமக்குத் தெரிந்தது பாடுபட்டவருக்குக் கடைசிவரை தெரியாது. சிறுவயதில் எனக்கு இந்த முடிவு ஏமாற்றமாக இருந்தது. கேள்வி கேட்டவனை அதட்டி உட்கார வைத்ததுபோல் பட்டது. பிறகுதான் 42-ம் அதிகாரம் ஏழாம் வசனம் கண்ணில் பட்டது. கர்த்தர் எலிப்பாசிடம், "என் தாசனாகிய யோபு பேசினதுபோல், நீங்கள் என்னைக்குறித்து நிதானமாய்ப் பேசவில்லை" என்கிறார். தேவனுக்கு ஆதரவாகப் பேசியவர்கள்மேல் கோபம். தேவனோடு சண்டை போட்டவருக்கு நற்சாட்சி! யோபு அந்தச் சிநேகிதருக்காக ஜெபம் பண்ண வேண்டும், அப்போதுதான் அவர்களுக்கு மன்னிப்பு.

இன்னொன்றையும் கவனியுங்கள். கடைசியில் யோபுவுக்கு ஆடுமாடெல்லாம் இரட்டிப்பாகத் திரும்பக் கிடைத்தது. ஏழாயிரம் ஆடு பதினாலாயிரம் ஆனது. பிள்ளைகள் மட்டும் முன்பு பத்து, பின்பும் பத்து. செத்துப்போன பிள்ளைக்கு ஈடாக இரண்டு பிள்ளை என்ற கணக்கை அந்தப் புத்தகம் போடவில்லை.

ஆகவே அம்மா தேவன்மேல் கோபமாக இருந்தால், அது அவிசுவாசம் என்று யாரும் அவர்களிடம் சொல்ல விடாதீர்கள். சங்கீதங்களில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் புலம்பல்தான். "கர்த்தாவே, எதுவரைக்கும் என்னை மறந்திருப்பீர்" என்று கேட்டவனுடைய பாட்டைத்தான் நாம் வேதமாக வைத்திருக்கிறோம். தேவனே இல்லை என்று முடிவு செய்தவன் அவரிடம் சண்டைக்குப் போகமாட்டான்.

இனி உங்கள் இரண்டாவது கேள்வி. இது உங்கள் வீட்டில் முளைத்த கேள்வி அல்ல. தீமையைத் தடுக்கத் தேவனுக்கு மனமிருந்தும் வல்லமை இல்லையா, வல்லமை இருந்தும் மனமில்லையா, இரண்டும் இருந்தால் தீமை எங்கிருந்து வந்தது என்ற வாதத்தைக் கிரேக்கத் தத்துவ ஞானி எப்பிக்கூருவின் பெயரால் நாலாம் நூற்றாண்டுக் கிறிஸ்தவ எழுத்தாளர் லக்தான்சியுவே எழுதிவைத்திருக்கிறார். சபை அன்றிலிருந்து இன்றுவரை அதற்குப் பல பதில்கள் சொல்லி வந்திருக்கிறது.

ஆப்பிரிக்காவின் ஹிப்போ நகரத்து அகுஸ்தீன், தீமை என்பது தேவன் படைத்த ஒரு பொருள் அல்ல, நன்மையில் விழுந்த குறை என்றார். கண்ணில் குருடு இருப்பதுபோல. குருடு என்று தனியாக ஒரு வஸ்து கிடையாது. சுயாதீனமுள்ள சித்தம் தேவனைவிட்டு விலகியதால் அந்தக் குறை வந்தது என்பது அவருடைய விளக்கம். அவருக்கு முன்பே, இரண்டாம் நூற்றாண்டில் லியோன் நகரத்து ஐரேனியு வேறு மாதிரி பேசினார். மனிதன் முற்றுப்பெற்றவனாகப் படைக்கப்படவில்லை, குழந்தையாகப் படைக்கப்பட்டான், வளரவேண்டியவன் என்றார். அதை எடுத்து 1966-ல் ஜான் ஹிக், இந்த உலகம் ஆத்துமாக்கள் உருவாகிற பட்டறை, கஷ்டமே இல்லாத இடத்தில் தைரியமும் இரக்கமும் எப்படி முளைக்கும் என்று விரித்து எழுதினார். நல்ல தேவனும் தீமையும் ஒருசேர இருப்பது தர்க்கப்படி முடியாத காரியம் என்று ஜே. எல். மேக்கி என்ற தத்துவ அறிஞர் 1955-ல் வாதாடினார். உண்மையான சுயாதீனம் வேண்டுமென்றால் தவறு நடக்கும் சாத்தியமும் அதோடு சேர்ந்துதான் வரும், ஆகவே அதில் முரண் இல்லை என்று ஆல்வின் பிளான்டிங்கா 1974-ல் பதில் சொன்னார். அந்தத் தர்க்க வாதத்துக்கு அவர் சொன்ன பதில் நிற்கிறது என்று கிறிஸ்தவரல்லாத தத்துவ அறிஞர்கள் பலரும் ஒப்புக்கொள்கிறார்கள்.

ஆனால் உங்களிடம் நான் நேர்மையாக இருக்க வேண்டும். 2019 ஏப்ரல் 21-ம் தேதி ஈஸ்டர் காலையில் மட்டக்களப்பு சீயோன் தேவாலயத்தில் குண்டு வெடித்து ஞாயிறு பள்ளிப் பிள்ளைகள் செத்தார்கள். அங்கே சுயாதீனம் என்ற பதில் ஓரளவாவது பேசும். ஒருவன் தன் சித்தத்தால் அதைச் செய்தான். உங்கள் தம்பியின் எலும்பு மச்சையில் ஓர் உயிரணு தாறுமாறாகப் பெருகியதற்கு யாருடைய சித்தத்தைச் சொல்வது? 1755 நவம்பர் 1-ம் தேதி, சகல பரிசுத்தவான்கள் திருநாள் காலையில், லிஸ்பன் நகரத்துக் கோயில்கள் நிரம்பியிருந்த நேரத்தில் பூமி அதிர்ந்தது. கூரைகள் ஜெபித்துக்கொண்டிருந்தவர்கள்மேல் விழுந்தன. திருநாளுக்காக ஏற்றியிருந்த மெழுகுவர்த்திகளிலிருந்து தீ பரவியது. தப்பித்து ஆற்றங்கரைக்கு ஓடியவர்களைக் கடல் வந்து வாரிக்கொண்டது. இருக்கக்கூடிய உலகங்களிலேயே இதுதான் சிறந்தது என்று 1710-ல் தத்துவ அறிஞர் லைப்னிட்ஸ் எழுதியிருந்ததை அதன்பிறகு ஐரோப்பா பழையபடி நம்ப முடியவில்லை.

வலிக்கு ஒரு பயன் உண்டு என்ற பதிலையும் நீங்கள் கேட்டிருப்பீர்கள். அதை நான் கண்டவர்களில் மிக ஆழமாக அறிந்து பேசியவர் பால் பிராண்ட். மேடையிலிருந்து பேசியவர் அல்ல. கையில் கத்தி பிடித்த எலும்பு அறுவை மருத்துவர். 1914-ல் நம் கொல்லிமலையில் மிஷனரி வீட்டில் பிறந்தார். 1946-ல் வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரிக்கு வேலைக்கு வந்தார். அடுத்த வருஷம் செங்கல்பட்டில் இருந்த தொழுநோய் இல்லத்தைப் பார்க்கப் போனார். மடங்கி இறுகிப்போன கைகள், விரலில்லாத கைகள். நோய் சதையை அழுகவைத்து விரல்களை உதிர்க்கிறது என்றுதான் உலகமே நம்பியிருந்த காலம். மடங்கிய கையுள்ள ஒருவரிடம் தன் கையை அழுத்தச் சொன்னார். பிடி இரும்பாக இருந்தது. இவ்வளவு பலமுள்ள சதை எப்படி அழுகியதாகும் என்று அன்றைக்கு யோசிக்க ஆரம்பித்தார்.

அவரே எழுதிய ஒரு சம்பவம் என்னை விட்டுப் போவதில்லை. ஒரு சரக்கறைப் பூட்டு துருப்பிடித்துக் கிடந்தது. அவர் எவ்வளவு முறுக்கியும் சாவி திரும்பவில்லை. பக்கத்தில் நின்ற தொழுநோயாளிச் சிறுவன், பத்துப் பன்னிரண்டு வயது, நோஞ்சான் உடம்பு, நான் திறக்கிறேன் என்று வாங்கி ஒரே முறுக்கில் திறந்துவிட்டான். இவருக்கு ஆச்சரியம். பிறகு தரையில் இரத்தச் சொட்டுகளைப் பார்த்தார். பையனின் விரலைப் பிடித்துப் பார்த்தால் சாவி எலும்புவரை அறுத்திருக்கிறது. பையனுக்குத் தெரியவே இல்லை. அன்று பிராண்டுக்கு விளங்கியது: வியாதி செய்வது வலியை எடுத்துவிடுவது ஒன்றைத்தான், மீதியை, வலி தெரியாத அந்த மனிதனே தன் கைக்குச் செய்துகொள்கிறான். இரவில் படுத்து எழுந்தால் விரல் காணாமல்போன நோயாளிகளும் இருந்தார்கள். விழித்திருந்து பார்த்தபோது எலி கடித்துக்கொண்டிருந்தது, கடிபட்டவர் தூங்கிக்கொண்டிருந்தார். அதன்பிறகு வீட்டுக்குப் போகும் நோயாளிகளோடு ஒரு பூனையையும் அனுப்பினார்கள்.

பின்னாளில் அமெரிக்காவில் லூசியானா மாநிலத்துக் கார்வில் மருத்துவமனைக்குப் போன பிராண்ட், உணர்வில்லாத கைகால்களுக்குச் செயற்கையாக வலியை உண்டாக்கும் கருவி செய்யப் பல வருஷம் முயன்றார். தோற்றுப்போனார். காரணங்களில் முக்கியமானது, அந்த எச்சரிக்கையை நிறுத்தும் வசதி நோயாளியின் கையில் இருந்தால் வேலை முடிய வேண்டுமே என்று அவர் அதை நிறுத்திவிடுவார். வலி நம் கைக்கு எட்டாத இடத்தில் இருந்தால்தான் அது காப்பாற்றும். வலிக்காக நான் தேவனுக்கு ஸ்தோத்திரம் சொல்கிறேன் என்று பிராண்ட் சொன்னபோது, அதற்குப் பின்னால் ஆயிரக்கணக்கான கைகள் இருந்தன.

அந்தப் பாடத்தை நான் முழுமனதோடு ஏற்கிறேன். ஆனாலும் அது உங்கள் தம்பியின் கடைசி வாரத்துக்குப் பதில் ஆகாது. வீடு தீப்பிடித்தால் மணி அடிக்க வேண்டும், சரி. வீடு முழுதும் எரிந்து, ஓட ஆளும் வழியும் இல்லாதபோதும் மணி ஏன் இரவெல்லாம் அடித்துக்கொண்டிருக்கிறது? பிராண்டும் இதை அறியாதவர் அல்ல. அவர் இங்கிலாந்தில் பள்ளிக்கூடத்தில் இருந்தபோது, 1929-ல், கொல்லிமலையில் அவருடைய தகப்பனார் ஜெஸ்ஸி பிராண்ட் கருநீர்க் காய்ச்சலில் இறந்தார். தந்தி முதலில் வந்துவிட்டது. அப்பா உயிரோடிருந்தபோது எழுதிப்போட்ட கடிதங்கள் கப்பலில் அதற்குப் பிறகும் வந்துகொண்டிருந்தன. பதினாலு வயதுப் பையன் அவற்றைப் பிரித்து வாசித்தான். வலியின் பயனைப் பற்றிப் பேசியவர், அந்தக் கடிதங்களையும் வாசித்தவர். அவருடைய தாய் ஈவ்லின், மிஷன் ஓய்வு கொடுத்த பிறகும் அதே மலைக்குத் தன் பொறுப்பில் திரும்பிப்போய், 95 வயதில் 1974-ல் சாகும்வரை மலைக்கிராமங்களில் உழைத்தார்.

இங்கே நான் எந்தப் பக்கம் நிற்கிறேன் என்று சொல்லிவிடுகிறேன். கிறிஸ்தவர்களுக்குள்ளேயே இதில் ஒருமனம் இல்லை. 1563-ல் வெளியான ஹைடல்பர்க் வினாவிடை, மழையும் வறட்சியும் ஆரோக்கியமும் நோயும் தற்செயலாக வருவதில்லை, தேவனுடைய தகப்பனுக்குரிய கையிலிருந்தே வருகின்றன என்று கற்பிக்கிறது. அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு மரணப்படுக்கையில் சமாதானமாய்ப் போனவர்களை நான் பார்த்திருக்கிறேன். அவர்களிடம் வாதாட மாட்டேன். எதிர்ப்பக்கத்தில், கிழக்கு ஆர்த்தடாக்ஸ் சபையைச் சேர்ந்த இறையியலாளர் டேவிட் பென்ட்லி ஹார்ட், நம் கடற்கரையைத் தாக்கிய அதே சுனாமிக்குப் பிறகு 2005-ல் ஒரு சிறு நூல் எழுதினார். செத்த குழந்தையின் முகத்தில் தேவனுடைய கையைத் தேட வேண்டாம், அங்கே காண்பது தேவனுடைய சத்துருவை என்பது அவர் வாதம். நான் இவர் பக்கம்தான். வேதத்தில் எனக்கு அதற்கு இருக்கும் ஆதாரம் உங்கள் கதையைப் போன்றதே.

வியாதியாய்க் கிடந்த சகோதரன் லாசருவுக்காக இயேசுவிடம் ஆள் அனுப்பிய இரண்டு சகோதரிகள் பெத்தானியாவில் இருந்தார்கள். இயேசு உடனே புறப்படவில்லை. இருந்த இடத்திலேயே பின்னும் இரண்டு நாள் தங்கினார். அவர் வந்து சேர்ந்தபோது அடக்கமாகி நாலு நாள். மார்த்தாள் எதிர்கொண்டு போய், "ஆண்டவரே, நீர் இங்கேயிருந்தீரானால் என் சகோதரன் மரிக்கமாட்டான்" என்றாள். பிறகு மரியாள் வந்தாள். அவளும் அதே வார்த்தைகளைத்தான் சொன்னாள். அந்த நாலு நாளும் வீட்டுக்குள் இருவரும் திரும்பத் திரும்ப என்ன பேசிக்கொண்டிருந்தார்கள் என்பது இதிலேயே தெரிகிறது. நீங்களும் அம்மாவும் பேசிக்கொள்வதும் இதுவாகத்தான் இருக்கும். இயேசு அவர்களைக் கண்டிக்கவில்லை. பாவக்கணக்குக் கேட்கவில்லை. "இயேசு கண்ணீர் விட்டார்." நம் தமிழ் வேதாகமத்தில் "ஆவியிலே கலங்கி" என்று அங்கே வரும் இடத்தில் கிரேக்கச் சொல்லுக்குச் சீறுதல், கோபம் கொள்ளுதல் என்ற பொருள் உண்டு. கல்லறைமுன் அவர் கோபப்பட்டார். தாமே எடுத்துக்கொண்டதற்காக ஒருவர் அப்படிக் கோபப்படுவாரா? பவுல் மரணத்தை "கடைசிச் சத்துரு" என்றே எழுதுகிறார். பரலோகத் தோட்டத்துக்கு ஒரு நல்ல பூ தேவைப்பட்டது என்று துக்க வீட்டில் சொல்கிறவர்கள், அந்தச் சத்துருவுக்குப் பரிந்து பேசுகிறோம் என்று அறியாமல் பேசுகிறார்கள்.

பிறகு சிலுவை. இதைப் பற்றி எழுத எனக்கு ஜெர்மானிய இறையியலாளர் யூர்கன் மோல்ட்மன் நினைவுக்கு வருகிறார். 1943 ஜூலையில் ஹாம்பர்க் நகரத்தின்மேல் குண்டுமழை பொழிந்தபோது அவர் 17 வயதுப் பையன், விமான எதிர்ப்புப் பீரங்கி அருகே நிறுத்தப்பட்டிருந்தார். பக்கத்தில் நின்ற சிநேகிதனைக் குண்டு கிழித்துப்போட்டது. இவர் பிழைத்தார். தேவனே, நீர் எங்கே என்று வாழ்நாளில் முதல்முறை அன்றிரவு கேட்டேன் என்று பின்னால் சொன்னார். போர்க்கைதியாக ஸ்காட்லாந்தில் இருந்தபோது யாரோ ஒரு வேதாகமம் கொடுத்தார்கள். "என் கண்ணீருக்கு மவுனமாயிராதேயும்" என்ற 39-ம் சங்கீதம் அவரைப் பிடித்துக்கொண்டது. மாற்கு சுவிசேஷத்தில், "என் தேவனே! என் தேவனே! ஏன் என்னைக் கைவிட்டீர்" என்ற கூப்பிடுதலுக்கு வந்தபோது, என்னைப் புரிந்துகொள்கிற ஒருவர் இங்கே இருக்கிறார் என்று அறிந்தேன் என்கிறார். 1972-ல் அவர் எழுதிய சிலுவையில் அறையப்பட்ட தேவனைப் பற்றிய நூல் அந்த இடத்திலிருந்து பிறந்தது. குமாரன் மரணத்தைப் பாடுபட்டார், பிதா குமாரனை இழக்கும் துயரத்தைப் பாடுபட்டார் என்பது அதன் மையம்.

கார்ல் ரானர் என்ற பெரிய கத்தோலிக்க இறையியலாளர் இதை ஏற்கவில்லை. தேவனும் என்னைப்போலவே சேற்றில் சிக்கியிருந்தால் நான் கரையேற அது எப்படி உதவும் என்ற கருத்தில் கேட்டார். நியாயமான கேள்வி. ஆறுதல் மட்டும் போதாது, மீட்பும் வேண்டும். அதனால்தான் கிறிஸ்தவ விசுவாசம் வெள்ளிக்கிழமையோடு நிற்பதில்லை. ஆனால் ஞாயிற்றுக்கிழமை எழுந்த சரீரத்தில் காயங்கள் அப்படியே இருந்தன. தோமாவிடம் நீட்டிய கையில் ஆணித்தழும்பு இருந்தது. மீட்பு என்றால் நடந்தது நடக்காததுபோல் துடைத்துவிடுவது என்று நான் ஒருகாலத்தில் நினைத்தேன், இப்போது நினைப்பதில்லை. நீர்கொழும்பு கட்டுவாப்பிட்டிய புனித செபஸ்தியார் கோயிலில், 2019 ஈஸ்டர் குண்டுவெடிப்பில் இரத்தம் தெறித்த உயிர்த்த கிறிஸ்துவின் சொரூபத்தைக் கழுவாமல் அப்படியே பாதுகாத்து வைத்திருக்கிறார்கள். வெள்ளை உடுப்பெல்லாம் புள்ளி புள்ளியாக இரத்தம். அந்த மக்களுக்கு யாரும் இறையியல் சொல்லிக்கொடுக்க வேண்டியதில்லை.

ஏன் என்ற உங்கள் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை என்பதை இவ்வளவு எழுதிய பிறகும் சொல்லத்தான் வேண்டும். எங்கே என்ற கேள்விக்கு மட்டும் பதில் இருக்கிறது என்று நம்புகிறேன். அந்த மருத்துவமனை அறையில் உங்கள் தம்பியின் கட்டில் பக்கம், அவனோடுகூட.

எங்கள் முதல் குழந்தை பதினோராம் நாளில் போனது. நாற்பது வருஷத்துக்கு முந்திய கதை. வந்தவர்கள் எல்லாரும் ஒவ்வொரு வசனம் சொன்னார்கள். சகலமும் நன்மைக்கு ஏதுவாக நடக்கிறது என்ற ரோமர் 8:28-ஐ மட்டும் ஐந்தாறு பேர் சொல்லியிருப்பார்கள். அந்த வசனம் உண்மை. ஆனால் அன்று அது என் மனைவியின் காதில் கல்லாக விழுந்தது. எங்கள் ஊர் உபதேசியார் சாயங்காலம் வந்தார். மஞ்சள் துணிப்பையில் வேதாகமம் இருந்தது. திண்ணையில் உட்கார்ந்தார். பையை மடியில் வைத்துக்கொண்டார், திறக்கவில்லை. விளக்கு வைத்து, ராத்திரி ஆகி, தெரு அடங்கும்வரை அப்படியே இருந்தார். போகும்போது, "நாளைக்கும் வாரேன்" என்றார். மறுநாளும் வந்தார், அதற்கு மறுநாளும். யோபுவின் சிநேகிதரும் முதல் ஏழு நாள் ஒரு வார்த்தையும் பேசாமல் தரையில்தான் உட்கார்ந்திருந்தார்கள். வாயைத் திறந்த பிறகுதான் எல்லாம் கெட்டது.

அம்மாவைக் கோயிலுக்கு வரச்சொல்லி வற்புறுத்தாதீர்கள். யாராவது வீட்டுக்கு வந்து அவர்களோடு உட்காரட்டும். உங்கள் ஆயரிடம் நான் இங்கே எழுதியதைக் காட்டுங்கள். நல்ல மேய்ப்பரானால் புரிந்துகொள்வார். பாவம் என்று சொன்ன அந்த மனிதர் மறுபடி வந்தால், வாசலிலேயே நிறுத்தி, இன்றைக்கு அம்மாவால் பேச முடியாது என்று அனுப்பிவிடலாம். அது மரியாதைக் குறைவு ஆகாது.

அட்டைக்கு வருகிறேன். 91-ம் சங்கீதம் அழகான சங்கீதம். ஆனால் அதன் வசனத்தைத் தனியாகப் பிய்த்து எடுத்து ஒருவரிடம் நீட்டிய சம்பவம் வேதத்திலேயே ஒன்று இருக்கிறது. தேவாலயத்து உப்பரிகையில் இயேசுவை நிறுத்தி, தாழக் குதியும், உமது பாதம் கல்லில் இடறாதபடிக்குத் தூதர்கள் ஏந்திக்கொள்வார்கள் என்று எழுதியிருக்கிறதே என்று சொன்னது பிசாசு. அவன் எடுத்தது இதே 91-ம் சங்கீதத்தை. இயேசு குதிக்கவில்லை. அந்தச் சங்கீதம் பொய் என்று அவர் சொல்லவும் இல்லை. அவர் 33 வயதுவாக்கில் செத்தார். நீடித்த நாட்கள் அவருக்கும் கிடைக்கவில்லை. உங்கள் சபையில் அட்டை அடித்தவர்கள் நல்லெண்ணத்தோடு செய்தார்கள். ஆனால் ஒரு ஜனத்தின் ஆராதனைப் பாட்டிலிருந்து ஒரு வரியை வெட்டி, பெட்டியில் போட்டுக் குலுக்கி, சாகக்கிடக்கிற ஒரு பையன் கையில் தனிப்பட்ட வாக்குறுதியாகக் கொடுக்கும் அதிகாரம் நமக்கு இல்லை. அது உங்கள் தம்பியிடம் தேவன் சொல்லி மீறிய வார்த்தை அல்ல. உங்களில் யாரும் விசுவாசம் குறைந்து பாழாக்கிய வார்த்தையும் அல்ல.

அதைக் கிழிக்க வேண்டாம். அவன் விரல் பட்ட அட்டை. உங்கள் வேதாகமத்தில் 91-ம் சங்கீதம் இருக்கும் பக்கத்தில் வைக்க மனம் வராவிட்டால், கொஞ்சம் முன்னால் திருப்பி 88-ல் வையுங்கள். அந்தச் சங்கீதம் இரவும் பகலும் கூப்பிட்டுப் பார்த்து, ஆறுதலாக ஒரு சொல்லும் கிடைக்காமல், "எனக்கு அறிமுகமானவர்கள் மறைந்துபோனார்கள்" என்று முடிந்துவிடும். எபிரெயத்தில் அதன் கடைசிச் சொல் இருள். அதையும் தொகுத்தவர்கள் எடுத்துவிடவில்லை. பாடகர் தலைவனிடம் கொடுத்துச் சபையில் பாடவைத்தார்கள். 88-க்கும் 91-க்கும் நடுவில் இருப்பது இரண்டே சங்கீதம். அம்மா என்றைக்காவது ஜெபிக்க வேண்டும் என்று கேட்டால், அந்த 88-ஐ எடுத்து அவர்களோடு சேர்ந்து சத்தமாக வாசியுங்கள். முடிந்ததும் ஆமென் சொல்லத் தோன்றாவிட்டால் சொல்ல வேண்டாம்.